கடலில் விளைந்தவை

சனி, 4 ஜனவரி 1958

விடிந்ததிலிருந்து வறண்ட காற்று. கொடியில் போட்ட துணி விறைத்து நிற்கிறது. பொங்கலுக்குத் தைக்க வேண்டியவை மலை போல் குவிந்துள்ளன: பாவாடைகள், ரவிக்கைகள், பக்கத்து வீட்டுக் காக் தெய்வானையின் கெபாயாச் சட்டை. தையல் இயந்திரத்தின் மிதி கிறீச்சிடுகிறது. எண்ணெய் விட வேண்டும். விடவில்லை.

நேற்று மாலை தம்பியின் மனைவி கன்னியம்மா வந்து சேர்ந்தாள். மலைத் தோட்டத்திலிருந்து கொஞ்ச தூரம் லோரி, பிறகு பஸ் மேல் பஸ். கூடவே மகள் செல்வி. வயிற்றில் ஐந்தாம் மாதம். முதல் பிரசவம் மிகவும் மோசமாகப் போனதால், இம்முறை முன்னதாகவே பட்டணத்திற்கு அனுப்பிவிடுமாறு தோட்டத்து மருந்தக டிரஸ்ஸர் சொன்னாராம். தம்பிக்கு விடுப்பு இல்லை. பஸ்ஸில் ஏற்றிவிட்டதோடு சரி. ‘மலாக்காவுல பெரிய ஆஸ்பத்திரி இருக்கு, அக்கா இருக்கு’ என்றானாம். ஆஸ்பத்திரி இருப்பது உண்மை. அக்கா இருப்பதும் உண்மை. அக்காவின் இடுப்பு எந்த நிலையில் இருக்கிறது என்பதைத்தான் அவன் விசாரிக்கவில்லை.

கன்னியம்மாவைத் திருமணத்தன்று பார்த்ததுதான். அன்று மெலிந்த கழுத்து. இன்று முன்கழுத்தில் ஒரு வீக்கம், உள்ளே எலுமிச்சம்பழம் ஒன்று சிக்கிக்கொண்டதைப் போல. விழுங்கும்போது மேலும் கீழும் அசைகிறது. நான் பார்ப்பதைக் கண்டுகொண்டாள்.

“இதுவாண்ணி? எங்க லயத்து வீடுகள்ல பாதிப் பொம்பளைங்களுக்கு இருக்கு. தண்ணி வாகு. தாலிக்கயிறு பத்தாமப் போயி நீளமா மாத்திக் கட்டியிருக்கேன், பாருங்க.”

சிரித்துக்கொண்டே சொன்னாள். குரல் மட்டும் கரகரப்பு.

ஒரு நல்ல செய்தி. என் வீட்டில் புலால் சமைப்பதில்லை என்று தயங்கித் தயங்கிச் சொன்னேன். “நானும் மீன் தொடறதில்லண்ணி” என்றாள். உள்ளம் குளிர்ந்தது. கணவர் மறைந்தபின் நானே படித்து, நானே தெளிந்து மேற்கொண்ட சைவ நெறி, யாரும் சொல்லாமலே இன்னொருத்திக்கும் வாய்த்திருக்கிறதே என்று மகிழ்ந்தேன். இனி இக்குறிப்புகளில் அவளைக் ‘க.’ என்றே எழுதுவேன். மை மிச்சம்.

ஞாயிறு, 5 ஜன.

வெயில். கிணற்று நீர் கீழே போய்விட்டது. ஒரு வாளி இறைப்பதற்குள் தோள் விட்டுப்போகிறது.

செல்விக்கு நான்கு வயது நிறைந்துவிட்டது. பார்ப்பவர்கள் இரண்டு என்பார்கள். வயிறு முன்தள்ளியிருக்கிறது, தோல் வறண்டிருக்கிறது, நாக்கு நுனி எப்போதும் உதட்டில். அழுவதில்லை. அடம் இல்லை. உட்கார வைத்த இடத்தில் உட்கார்ந்திருக்கிறாள். இப்படியொரு சாதுவான குழந்தையை நான் பார்த்ததில்லை என்று எழுத வந்தேன். எழுதும்போதே கை தயங்குகிறது.

அடுக்களையில் பித்தளைத் தவலை நழுவித் தரையில் விழுந்தது. நான் துள்ளிவிட்டேன். குழந்தை என் பொத்தான் டப்பாவிலிருந்து தலையை எடுக்கவில்லை.

க.வின் சைவம் பற்றி நேற்று எழுதியது தவறு. இன்று பகலுணவின்போது அவளே சொன்னாள்.

“நான் என்ன சாமியாராண்ணி? கருவாடுன்னா எனக்கு உசிரு. வாரத்துக்கு ஒரு தடவ கடைக்கார லோரி மேல வரும். கருவாட்டு மூட்டைய எறக்கையில மொத ஆளா நிப்பேன்.”

“பிறகு ஏன் விட்டாய்?”

முந்தானை முடிச்சைப் பிரித்துக் காட்டினாள். மஞ்சள் துணியில் முடிந்த ஒற்றைக் காசு. போன ஆடியில் தோட்டத்து மாரியம்மனிடம் நேர்ந்துகொண்டாளாம். செல்வி வாய் திறந்து ‘அம்மா’ என்று சொல்லும்வரை மீன், கருவாடு, கடலில் விளைந்தது எதையும் தொடுவதில்லை என்று.

“ரொம்பப் புடிச்சதத்தானேண்ணி குடுக்கணும்.”

குழந்தைக்கு வாயில் சோற்றை ஊட்டிக்கொண்டே சொன்னாள். ஊட்டிய பிறகு தாடையை மெல்லத் தடவிவிட்டால்தான் செல்வி விழுங்குகிறாள்.

திங்கள், 6 ஜன.

ஆஸ்பத்திரி. இருவரையும் ‘பேச்சா’ என்னும் மூன்று சக்கர மிதிவண்டியில் ஏற்றிவிட்டு நான் பின்னால் நடந்தேன். வண்டிக்காரர், “ஆச்சி, நீயும் ஏறு, சக்கரம் உடைஞ்சா வேற சக்கரம் இருக்கு” என்றார். நடந்தே போனேன். மதியம்வரை பெஞ்சில் காத்திருப்பு. தலைவலி.

டாக்டர் இளைஞர். தமிழர் அல்லர். க.வின் பின்னால் நின்று இரு கைகளாலும் கழுத்தைத் தொட்டுப் பார்த்து, தண்ணீர் குடிக்கச் சொன்னார். அப்புறம் குழந்தையை வெகுநேரம் பார்த்தார். நாக்கு, தொப்புள், முழங்கால். காதருகே மணி அடித்தார். ஆங்கிலத்தில் தமிழ் நர்ஸ் மிஸ்ஸியிடம் நிறையப் பேசினார். எனக்கு ஆங்கிலம் எழுத்துக் கூட்டிப் படிக்க வரும். பேச்சின் வேகத்திற்கு ஈடுகொடுக்க வராது. இது என் மனத்தை உறுத்துகின்ற குறை.

எடை பார்ப்பதற்காக க. குழந்தையைத் தூக்கிக்கொண்டு அடுத்த அறைக்குப் போனாள். அந்த இடைவெளியில் மிஸ்ஸி என்னை ஓரமாக அழைத்துப் போனாள். அவள் சொன்னதைச் சொன்னபடியே எழுதுகிறேன்.

“அக்கா, கழுத்துல தைராய்டுன்னு ஒரு சுரப்பி இருக்கு. அது வேலை செய்ய அயோடின்ற சத்து வேணும். மலை மண்ணுல அது மழையில கரைஞ்சு ஓடிப்போயிருது. மண்ணுல இல்லன்னா தண்ணியில இல்ல, கீரையில இல்ல, கெழங்குல இல்ல. கடல்லதான் இருக்கு. சத்து கெடைக்காம அந்தச் சுரப்பி பெருசாப் பெருசா வீங்குது. பத்தாததுக்கு மூணு வேளையும் மரவள்ளிக் கெழங்கு சாப்பிடுறாங்க. அது இருக்குற கொஞ்சத்தையும் தடுத்துரும்.”

“கழலைக்கு அறுவை சிகிச்சை அவசியமா?”

“கழலை கெடக்கட்டும்க்கா. அது அவங்களக் கொல்லாது. வயித்துல இருக்குறதப் பாருங்க. தாய்க்கு இல்லாத சத்து புள்ளைக்கு எங்கருந்து வரும்? மூளையும் காதும் வளர்றது வயித்துல இருக்கும்போதுதான். பெரிய புள்ள இப்படி இருக்குறதுக்கு அதுதான் காரணம்னு டாக்டர் சொல்றாரு.”

பெரிய பிள்ளைக்கு என்ன செய்யலாம் என்று கேட்டேன். அவள் நேராகப் பதில் சொல்லவில்லை. மாத்திரை கொடுத்தால் கொஞ்சம் சுறுசுறுப்பு வரும், நன்றாக நடப்பாள், முகம் தெரிந்து சிரிப்பாள் என்றாள். பேச்சு வருமா என்று கேட்டேன்.

“காது கேக்கல அக்கா. இனிமே பேச்சு வர்றது… டாக்டருக்கு நம்பிக்கை இல்ல. நீங்களே சமயம் பாத்து அவங்ககிட்ட சொல்லுங்க. ஆனா ரெண்டாவதுக்கு இன்னும் நேரம் இருக்கு. இப்பவே கொஞ்சம் தாமசம்தான். இனி ஒரு நாளும் வீணாக்காதீங்க. இந்தச் சொட்டு மருந்து, தெனமும் பாலுல. கூடவே கடல் மீன். மலாக்காவுல மீனுக்கா பஞ்சம்?”

க. திரும்பி வந்தாள். “என்னண்ணி, பேய் அடிச்ச மாதிரி நிக்கிறீங்க?”

பசி என்று சொன்னேன்.

செவ்வாய், 7 ஜன.

இன்று நடந்தது என் வாயால் வந்த வினை.

காலையில் பாலைக் காய்ச்சி, பழுப்பு நிற மருந்தைச் சொட்டவிட்டுக் க.வின் கையில் கொடுத்தேன். வாங்கிக்கொண்டாள். குடிக்கப் போனவள், வெறும் பேச்சுக்காக, “இது என்னா மருந்துண்ணி?” என்றாள். மருந்து என்று மட்டும் சொல்லியிருந்தால் விஷயம் அங்கேயே முடிந்திருக்கும். நான் எங்கே அப்படிச் சொன்னேன்? எப்போதோ ஒரு பழைய மாத இதழில் படித்ததும், மிஸ்ஸி சொன்னதும் சேர்ந்து நாவில் வந்து நின்றன.

“இது கடலின் சாரம், கன்னியம்மா. கடற்பாசியை எரித்து, அதன் சாம்பலிலிருந்து முதன்முதலில் கண்டெடுத்த அரும்பொருள். மீனில் எந்தச் சத்து உறைந்திருக்கிறதோ, அதே சத்து இத்துளியில் செறிந்திருக்கிறது.”

நல்ல வாக்கியம். இப்போதும் குறை காண முடியவில்லை.

க. தம்ளரைக் கீழே வைத்துவிட்டாள்.

“அப்ப மீனுதானே.”

“மீன் அல்ல. மருந்து.”

“கடல்ல வெளைஞ்சது எதுவும் வேணாம்னு சொல்லியிருக்கேன். தெரியாமக் குடிச்சிருந்தா மன்னிப்பு உண்டு. இப்ப தெரிஞ்சுபோச்சே.”

நான் என்னென்னவோ சொன்னேன். ஆகமம் சொன்னேன், ஆபத்துக்குப் பாவமில்லை என்றேன். எனக்கே என் குரல் கூட்ட மேடையில் பேசுகிறவர் குரல் போல ஒலித்தது. க. பொறுமையாகக் கேட்டாள்.

“அண்ணி, நீங்க பொஸ்தகத்தப் படிக்கிற மாதிரியே பேசுறீங்க. கேக்க நல்லாருக்கு. ஆனா நான் குடுத்த வாக்கு பொஸ்தகத்துல இல்லியே.”

பாலைப் பூனை குடித்தது.

புதன், 8 ஜன.

நேற்றிரவெல்லாம் சிந்தித்து ஒரு தர்க்கம் கட்டினேன். அவளுடைய வாக்கை அவளுடைய வாக்காலேயே மடக்குவது. காலையில் கஞ்சி குடித்துக்கொண்டிருந்தாள்.

“கன்னியம்மா, இந்தக் கஞ்சியில் உப்பு இருக்கிறதா?”

“இருக்குண்ணி. அளவாத்தான் இருக்கு.”

“உப்பு எங்கே விளைகிறது?”

அவளுக்குத் தெரியவில்லை. கடையில் என்றாள். பாத்தி கட்டிக் கடல் நீரைப் பாய்ச்சி, வெயிலில் காய்ச்சி எடுப்பதே உப்பு என்று விளக்கினேன். ஆகவே, கடலில் விளைந்ததை அவள் ஆடி முதல் நாள்தோறும் உண்டே வந்திருக்கிறாள். ஆகவே, நேர்த்திக்கடன் முன்பே முறிந்துவிட்டது. முறிந்த நேர்த்திக்காக மருந்தை மறுப்பது பொருளற்றது. மூன்று படி. மறுக்க இடமில்லை.

க. கலத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். கண் கலங்கிவிட்டது.

“அதனாலதான் இது இன்னும் பேசலியாண்ணி?”

மீதிக் கஞ்சியை வாழையடியில் ஊற்றினாள். உப்பு ஜாடியை எடுத்துப் பரணில் வைத்தாள். மதியம் உப்பில்லாமல் சமைத்து உப்பில்லாமல் உண்டாள். எனக்கும் குழந்தைக்கும் தனியாக உப்புப் போட்டு.

மருந்தையும் மீனையும் சேர்க்கப் போய் உப்பையும் கழித்துவிட்டேன். இதை யாரிடம் சொல்ல?

வியாழன், 9 ஜன.

மூன்று ரவிக்கை வெட்டினேன். ஒன்றில் கைத்துளை பிசகிவிட்டது. கிணறு. துணி. குழந்தைக்குக் குளியல். எண்ணெய் தேய்க்கும்போது தோல் செதில் செதிலாக உதிர்கிறது.

காக் தெய்வானை கெபாயாவை அளவு பார்க்க வந்தார். பல தலைமுறைக்கு முன் இங்கே குடியேறிய செட்டிகளின் ஊரான கம்போங் செட்டிக்காரர். பெயர் தமிழ், நெற்றியில் திருநீறு, பேச்சு முழுக்க மலாய். ‘காக்’ என்றால் மலாயில் அக்காள். அவர் என்னைச் ‘சிக்கு’ என்று அழைப்பார். ஆசிரியை என்று பொருள். நான் எந்தப் பள்ளியிலும் கற்றதும் இல்லை, கற்பித்ததும் இல்லை. கேலிக்குத்தான் அழைக்கிறார். எனினும் அந்தச் சொல் எனக்குப் பிடிக்கும்.

அவரிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். மிஸ்ஸி சொன்னதையும், செல்விக்குப் பேச்சு வராது என்பதையும். அவர் மலாயில் சொன்னதைத் தமிழில் எழுதுகிறேன், சுதந்திரத்துக்கு அவர் சொல்லும் ‘மெர்டேக்கா’வை மட்டும் அப்படியே விட்டு.

“மெர்டேக்கா கிடைச்சு இவ்வளவு நாள் ஆச்சு. உன் அடுப்புக்கு மட்டும் இன்னும் மெர்டேக்கா வரலியா, சிக்கு? அந்தப் பொண்ணு மீன் தின்னணும்னா வீட்டுல மீன் வாசம் முதல்ல வரணும்.”

“மீனை நான் சமைத்துத் தருகிறேன். அவள்தான் வேண்டாம் என்கிறாள்.”

“காப்பியிலே மருந்தை ஊத்திக் குடு. கறுப்புக் காப்பி. தெரியாது.”

வெள்ளி, 10 ஜன.

கறுப்புக் காப்பி. சீனி அதிகம். மருந்து அளவாக. கலக்கினேன். நிறம் மாறவில்லை. மணமும் அவ்வளவாகத் தெரியவில்லை.

க. பின்வாசலில் செல்வியை மடியில் நிறுத்திக்கொண்டு உதட்டை மூடித் திறந்து காட்டிக்கொண்டிருந்தாள். “அம்… மா. அம்… மா.” குழந்தை அவளுடைய உதட்டை விரலால் தொட்டுத் தொட்டுப் பார்த்தது. ஒலி எதுவும் இல்லை. க. சலிக்கவில்லை. தொடக்கத்திலிருந்து ஆரம்பித்தாள்.

காப்பியைக் கிணற்றடியில் கொட்டினேன். தெரியாமல் குடித்தால் மன்னிப்பு உண்டு என்று அவளே சொல்லியிருக்கிறாள். ஆயினும் அவளை ஏமாற்ற எனக்குக் கை வரவில்லை. இது அறமா, வெறும் அகந்தையா, தெரியவில்லை. அதற்குள் வயிற்றுப் பிள்ளைக்கு இன்னொரு நாள் போய்விட்டது.

சனி, 11 ஜன.

மறுபடி ஆஸ்பத்திரி, தனியாக. மிஸ்ஸியிடம் நேர்த்தியைப் பற்றிச் சொன்னேன். “ஐயோ அக்கா” என்றாள். பிறகு, “பெரிய புள்ள பேசாதுன்னு சொல்லிட்டீங்களா? சொன்னா விட்டுருவாங்க இல்ல?”

விட்டுவிடுவாள். அல்லது நேர்த்தியை இன்னும் இறுக்கிக்கொள்வாள். உப்பில் நான் கண்ட பாடம் அது.

திரும்பி வரும் வழியில் சொல்லிவிடுவது என்று முடிவெடுத்தேன். வீட்டு வாசலில் செல்வி பொத்தான் ஒன்றை உயர்த்திக் காட்டி என்னைப் பார்த்துச் சிரித்தாள். க. ஓடி வந்தாள்.

“அண்ணி, இன்னிக்கு உதட்ட ரெண்டு தடவ மூடித் தொறந்துச்சு! சத்தம்தான் பாக்கி!”

சொல்லவில்லை.

திங்கள், 13 ஜன. போகி.

நேற்று எழுத முடியவில்லை. கால் வீக்கம். இன்றும் புழுக்கம். ஆனாலும் எழுதியே ஆக வேண்டும்.

போகியன்று கம்போங் செட்டியில் முன்னோருக்குப் படையல். வாழையிலையில் அவரவர் முன்னோர் விரும்பிய உணவெல்லாம் வைப்பார்கள். மீனும் இறாலும் இல்லாமல் படையல் இல்லை. விளக்கேற்றிச் சற்று நேரம் கதவைச் சாத்தி வைத்து, பிறகு எடுத்து அண்டை அயலாருக்கும் கொடுப்பார்கள். ஆண்டுதோறும் எனக்குப் பழமும் டோடோல் இனிப்பும் மட்டும் தனியிலையில் வரும். இன்று காக் தெய்வானை இரண்டு தட்டுகளோடு வந்தார். ஒன்று எனக்கு. மற்றது க.வுக்கு: தேங்காய்ப்பால் சோறு, புளி விட்டுக் காய்ச்சிய கெம்போங் மீன், இறால் சம்பல்.

க. முந்தானையால் மூக்கை மூடிக்கொண்டாள். நாற்றத்திற்காக அல்ல. கழுத்து வீக்கம் மேலும் கீழும் அசைந்தது, எச்சிலை விழுங்கியபடியே இருந்தாள்.

“தாத்தா பாட்டி குடுத்தது. வேண்டாம்னு சொல்லாதே” என்றார் காக்.

க.வுக்குத் தோட்டத்து மலாய் தெரியும். கும்பிட்டாள். “மன்னிச்சுக்கங்க காக். நியாத் இருக்கு.” நியாத் என்பது நேர்த்திக்கு மலாய்ச் சொல்.

காக் தட்டைத் திரும்ப எடுக்கவில்லை. பாயில் உட்கார்ந்துகொண்டார்.

“இருக்கட்டும். நியாத்தை ஒருத்தி இறக்கினா இன்னொருத்தி தூக்கலாம். எங்கம்மா காவடி நேர்ந்துட்டுக் காலை ஒடிச்சுக்கிட்டாங்க. என் சித்திதான் தூக்கினாங்க. அம்மன் ஒண்ணும் கோவிச்சுக்கலே. அம்மனுக்குத் தோள்தானே வேணும்? யார் தோள்னா என்ன?”

க. யோசித்தாள். இதுவரை நான் சொன்ன எதற்கும் அவள் இப்படி யோசித்ததில்லை. ஆகமத்திற்கு அசையாதவள், ஒடிந்த காலுக்கு அசைந்தாள்.

“மெய்யாவா? அப்படி மாத்திக்கலாமா?”

நான் உடனே சொன்னேன், “உன் நேர்த்தியை நான் ஏற்றுக்கொள்கிறேன், கன்னியம்மா. இன்றே. முழுமனத்தோடு.”

என்னை ஏற இறங்கப் பார்த்தாள். பிறகு சிரித்தாள். வந்த நாளிலிருந்து இப்படிச் சிரித்ததில்லை.

“நீங்க எத விடுவீங்க? மீனையா? நீங்கதான் வருசக்கணக்கா மோந்துகூடப் பாக்கலியே! மாரியாத்தா என்னா மடச்சியா?”

காக் தெய்வானைக்கு நான் மொழிபெயர்த்தேன். அவர் சுவரில் சாய்ந்துகொண்டு கண்ணில் நீர் வரச் சிரித்தார். “பெத்துல், பெத்துல்! சரியாச் சொன்னா!”

என் முகம் சுட்டது. என் சைவ நெறியை ஒரு தோட்டத்துப் பெண் ஒரே வாக்கியத்தில் விலை மதித்துவிட்டாள். மதிப்பு: சுழி.

“பிறகு நான் எதை விட வேண்டும்? நீயே சொல்.”

க. சிரிப்பதை நிறுத்திவிட்டாள். மெல்லச் சொன்னாள்.

“மீன விட்டது எனக்கு வலிக்குதுண்ணி. தெனமும் வலிக்குது. உங்களுக்கும் வலிக்கிறதாத்தான் இருக்கணும். நீங்க ஊறுகா இல்லாம ஒரு வாய் எறக்க மாட்டீங்க. கஞ்சிக்கு மேல உப்பு தூவிக்கிறீங்க. உப்ப விடுங்க. செல்வி என்னய அம்மான்னு கூப்புடுற வரைக்கும்.”

கூப்பிடும் வரைக்கும்.

‘அம்மா’, ‘கூப்பிடு’ என்ற அளவுக்குக் காக் தெய்வானைக்கும் தமிழ் புரியும். சிரிப்பு அவருடைய முகத்திலிருந்தும் போய்விட்டது. மிஸ்ஸி சொன்னதை நான் சொல்லியிருந்தது அவரிடம் மட்டும். “சிக்கு…” என்றார்.

இப்போதாவது உண்மையைச் சொல்லலாம் என்று ஒரு கணம் தோன்றியது. செல்வி தாயின் முழங்காலைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தாள். தாயின் வயிறு குழந்தையின் தலைக்கு மேலே. ஒரு பிள்ளையைப் பற்றிய உண்மையைச் சொன்னால் மற்றது தப்புமா என்று எனக்குத் தெரியாது. நான் தராசு பிடிக்கக் கற்றவள் அல்லள்.

“சரி” என்றேன். வாழ்வில் நான் சொன்ன மிகச் சிறிய வாக்கியம் இதுவாகவே இருக்கும்.

க. அப்போதே உண்ணவில்லை. முடிச்சு மாறாமல் தொடமாட்டாளாம். காக் தட்டை எடுத்துக்கொண்டு போனார். பொங்கல் கழிந்து புதிதாக வாங்கி வருவாராம்.

செவ்வாய், 14 ஜன. தைப்பொங்கல்.

விடியலில் பால் பொங்கியது. நான் சர்க்கரைப் பொங்கலில் எப்போதும் ஒரு சிட்டிகை உப்புச் சேர்ப்பேன், இனிப்பை எடுத்துக் காட்டும் என்பதற்காக. இன்று சேர்க்கவில்லை. அம்மனுக்கு முன்னால் இன்னும் நேர்த்தியே தொடங்கவில்லை. இருந்தும் கை நின்றுவிட்டது.

வெயில் ஏறுமுன் கம்போங் செட்டி அம்மன் கோயில். க., செல்வி, காக் தெய்வானை, நான். க. முந்தானையிலிருந்து மஞ்சள் முடிச்சை அவிழ்த்து அம்மன் காலடியில் வைத்தாள். “இத எங்க அண்ணி தூக்கிக்கிறாங்க ஆத்தா. பெரிய படிப்பாளி. ஏமாத்த மாட்டாங்க.” நான் எடுத்து என் முந்தானையில் முடிந்துகொண்டேன். சொல்ல ஒரு நல்ல வாக்கியம் தயாராக வைத்திருந்தேன். அங்கே நிற்கும்போது வரவில்லை.

பூசாரி செல்வியின் தலையில் மஞ்சள் நீர் தெளித்தார். குழந்தை திடுக்கிட்டுக் கண்ணை மூடிக்கொண்டது. க. ஆவலோடு அதன் வாயைப் பார்த்தாள். நானும் பார்த்தேன். தெரிந்தும் பார்த்தேன்.

வீடு. பாலில் மருந்து. க. ஒரே மடக்கில் குடித்துவிட்டு முகத்தைச் சுளித்தாள்.

“கடலின் சாரம்னீங்க. துருப்புடிச்ச ஆணி மாதிரி இருக்கே!”

எனக்குச் சிரிப்பு வந்தது. அழுகையும்.

புதன், 15 ஜன.

உப்பில்லாக் கஞ்சி. சுண்ணாம்பு கரைத்தது போல. இரண்டாம் வாய் இறங்கவில்லை. வியர்வை ஓயாமல் வழிகிறது. மிதியை மிதிக்கையில் கெண்டைக்கால் பிடித்துக்கொள்கிறது. ஊறுகாய் ஜாடியைக் காக் தெய்வானைக்குக் கொடுத்துவிட்டேன். வாங்கும்போது என் கையைச் சற்று நேரம் பிடித்துக்கொண்டிருந்தார்.

தம்பிக்கு எழுத வேண்டும். லயத்துப் பெண்கள் அனைவரும் கடல் மீன் உண்ண வேண்டும், கருவாடாவது உண்ண வேண்டும், மரவள்ளியைக் குறைக்க வேண்டும், ‘தண்ணி வாகு’ என்று சும்மா இருத்தல் கூடாது. தோட்டத்து எழுத்தர் கிராணியிடமும் டிரஸ்ஸரிடமும் சொல்லட்டும். எளிய சொற்களில் எழுத வேண்டும். அது எனக்குக் கடினம்.

வியாழன், 16 ஜன.

காற்று நின்றுவிட்டது. மேகம் இருக்கிறது, மழை இல்லை.

இன்று முதன்முறையாக என் அடுக்களையில் மீன். காக் தெய்வானை கெம்போங் வாங்கி வந்து போட்டார். க. தானே செதில் எடுத்தாள், கழுவினாள், மஞ்சள் தடவினாள், குழம்பு கூட்டினாள். நான் கூடத்தில் இயந்திரத்தின் முன் உட்கார்ந்திருந்தேன். வாசனை திரைச்சீலை, தைத்த துணி, என் புத்தக அடுக்கு எல்லாவற்றிலும் ஏறிவிட்டது. பரணில் இருந்த உப்பு ஜாடி அடுப்பு மேடைக்குத் திரும்பிவிட்டது.

மூவரும் சேர்ந்து உண்ண உட்கார்ந்தோம். க.வின் தட்டில் மீன். என் தட்டில் வெள்ளைச் சோறும் உப்பில்லாப் பருப்பும். அவள் கொஞ்ச நேரம் என் தட்டைப் பார்த்தாள். பிறகு மீனைப் பிட்டுச் சோற்றில் பிசைந்து வாயில் வைத்தாள். கண்ணை மூடிக்கொண்டாள். வீக்கம் மேலே போய்க் கீழே இறங்கியது. அதைப் பார்த்துக்கொண்டே நான் ஒரு வாய் விழுங்கினேன்.

முள் நீக்கி ஒரு துண்டைச் செல்விக்கு எடுத்தாள். வாயருகே கொண்டுபோனவள் கையை நிறுத்திக்கொண்டாள்.

“சொல்லு தங்கம். அம்மான்னு சொல்லு. அத்தை பாவம், உப்பில்லாமச் சாப்புடுறாங்க பாரு. அம்… மா.”

குழந்தை அவளுடைய உதட்டைப் பார்த்தது. என்னைப் பார்த்தது. வாயைத் திறந்தது.

மீனுக்காக.